மேடைக்கு முதுகு காட்டியிருந்தவர்

பிள்ளைகளே, நீங்கள் சின்னவர்களாக இருந்த காலத்தில் நான் காலையில் ஒரு தியேட்டரைக் கூட்டித் துடைத்துவிட்டுத்தான் உணவகத்து வேலைக்குப் போவேன். பாரிசின் லா ஷப்பலில், மெற்றோ ரயில் தூண்களுக்கு மேலால் ஓடுகிற இடத்துக்குக் கிட்ட, ஒரு சந்துக்குள் இருந்தது அந்தத் தியேட்டர். வெளியே கறித்தூள் மணமும் சேலைக்கடைப் பாட்டும். கதவைத் திறந்து உள்ளே போனால் ஒன்றுமே இல்லை. சாயம் போன சுவர், மரத்தரை, மேலே ஒரு கண்ணாடி ஜன்னல். அதனூடாக வரும் வெளிச்சம் பால் மாதிரித் தரையில் ஊற்றிக் கிடக்கும். மேலே மெற்றோ போனால் அந்த வெளிச்சமும் கொஞ்சம் நடுங்குவது போல இருக்கும். அதைப் பார்த்துக்கொண்டு கூட்டுகிற தும்புத்தடியோடு அப்படியே நின்றுவிடுவேன். எங்கே நிற்கிறேன் என்பதே மறந்து போகும்.

அங்கேதான் அந்த ஆங்கிலேயரைக் கண்டேன். அவர் நாடக நெறியாளர். நெறியாளர் என்றால் நடிப்பவர் அல்ல, நாடகத்தை எழுதியவரும் அல்ல. யார் எங்கே நிற்பது, எப்போது பேசுவது, எப்போது பேசாமல் இருப்பது என்று பார்த்துச் சொல்கிறவர். நாடகம் தொடங்கிய பிறகு அவர் செய்த வேலை ஒன்றும் கண்ணுக்குத் தெரியாது. நல்ல வயது போனவர். காது அனேகமாகக் கேளாது. எல்லாருக்கும் முதல் வந்து, மேடைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, சனம் வந்து இருக்கும் வெறும் கதிரைகளைப் பார்த்தபடி இருப்பார்.

முதல் நாள் எனக்கு அது விசர்த்தனமாகத்தான் தெரிந்தது. பிறகு மெல்ல மெல்லச் சொன்னார். அவருடைய பிரெஞ்சும் என்னுடைய பிரெஞ்சும் இரண்டும் நொண்டி. அதனால் எங்களுக்குள் விளங்கியது.

சின்ன வயதில் அவருடைய ஊரில் ஒரு நாடகம் பார்க்கப் போனாராம். கிடைத்த இடம் ஒரு தூணுக்குப் பின்னால். மேடை கொஞ்சமும் தெரியவில்லை. பக்கத்தில் இருந்த சனத்தின் முகம்தான் தெரிந்தது. ஒரு முகம் சுருங்கியது, இன்னொரு முகம் மலர்ந்தது, ஒரு கிழவர் வாயைத் திறந்தபடியே இருந்தார். முழு நாடகத்தையும் அந்த முகங்களில்தான் பார்த்தேன் என்றார். அன்றிலிருந்து நாடகம் மேடையில் இல்லை, முகத்தில்தான் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டாராம்.

வளர்ந்து லண்டனில் பெரிய ஆளாகிவிட்டார். மேடையில் உண்மையான மழை பெய்ய வைத்தார். உண்மையான குதிரையைக் கொண்டுவந்து நிறுத்தினார். பத்திரிகைகளெல்லாம் புகழ்ந்தன. ஒருநாள் திரும்பிப் பார்த்தால் சனம் எல்லாம் குதிரையையே பார்த்துக்கொண்டு இருந்ததாம். அழுதுகொண்டிருந்த நடிகையை ஒருவரும் பார்க்கவில்லை. அடுத்த நாடகத்தில் குதிரையை எடுத்துவிட்டார். பிறகு மழையை எடுத்தார். பிறகு அரண்மனை, திரை, பூச்சுவேலை எல்லாம் போயிற்று. லண்டனில் இருந்தவர்களுக்கு அது பிடிக்கவில்லை. அங்கிருந்து பாரிசுக்கு வந்து, ஒரு வாங்குப்பலகையும் ஒரு நீலத்துணியும் வைத்துக்கொண்டு நாடகம் போடத் தொடங்கினார்.

"என் வேலை முழுக்கக் கழித்தல் கணக்கு. இப்போது யாரோ சத்தத்தையும் கழித்துவிட்டார்கள்" என்று தன் காதைத் தொட்டுக் காட்டிச் சிரித்தார்.

அந்த முறை அவர் செய்துகொண்டிருந்த நாடகத்தில் இரண்டே பேர். நீலத்துணிதான் ஆறு. வாங்குதான் ஓடம். ஓடக்காரன் ஓடத்தில் படுத்து நித்திரை கொள்கிறான். ஒரு கிழவி அக்கரைக்குப் போக வந்து அவனை எழுப்பப் பார்க்கிறாள். கூப்பிடுகிறாள், திட்டுகிறாள், தண்ணீர் தெளிக்கிறாள், தாலாட்டுக்கூடப் பாடிப் பார்க்கிறாள். கடைசியில் அவன் கண்ணைத் திறந்து, "அம்மா, நான் உன்னை எப்போதோ அக்கரையில் இறக்கிவிட்டேனே, ஏன் இன்னும் கத்துகிறாய்?" என்கிறான். அவ்வளவுதான். தரையைக் கூட்டிக்கொண்டே பார்ப்பேன். பார்த்த அன்றைக்கெல்லாம் உணவகத்தில் கோப்பை கழுவும்போதுகூட அந்த ஆறு என் கையடியில் ஓடுவது போலிருக்கும்.

ஆனால் அவருக்கு நம்பிக்கை போய்விட்டது. தியேட்டர்க்காரர் முகங்களை அவர் நம்பவில்லை. அவை பழகின முகங்கள். வெளியாட்களின் முகம் வேண்டும், அவையும் மலர்ந்து திறக்கவில்லை என்றால் இந்த நாடகத்தை விட்டுவிட்டு இங்கிலாந்துக்குப் போய்விடுவேன், இனிமேல் ஒரு நாடகமும் செய்யமாட்டேன் என்றார். கிழவியாக நடித்த பெண் அதைக் கேட்டுவிட்டு வெளியே போய் நின்று சிகரெட் பிடித்தாள். ஓடக்காரன் துணியை மடித்து மடித்து வைத்தான். அவர் என்னிடம் திரும்பி, "உங்கள் ஆட்களைக் கூட்டிவர முடியுமா?" என்று கேட்டார்.

உங்கள் அம்மாவையும், கீழ்த்தெருவில் மளிகைக்கடை வைத்திருந்த அண்ணையையும் ஒரு பின்னேரம் கூட்டிக்கொண்டு போனேன். அம்மா கோயிலுக்குப் போவது போலச் சேலை கட்டி, வெறுங்கையோடு எப்படிப் போவது என்று ஒரு பெட்டி வடையும் சுட்டுக்கொண்டு வந்தாள். அண்ணை திருநீறு பூசிக்கொண்டு வந்தார்.

முன்வரிசையில் இருந்தோம். அவர் தன் தனிக்கதிரையை இழுத்து எங்களுக்கு நேரே போட்டு, மேடைக்கு முதுகு காட்டி இருந்தார். வடைப்பெட்டி அவருடைய மடியில். நாடகம் தொடங்கியது.

"உவர் ஏன் எங்களையே பாத்துக்கொண்டிருக்கிறார்?" என்று அண்ணை வாய் அசையாமல் கேட்டார்.

"அது அவரின்ரை வேலை, அண்ணை. நீங்கள் மேடையைப் பாருங்கோ."

"நேரை ஒரு வயசாளி இருக்க, அவரைத் தாண்டி எட்டிப் பாக்கிறதோ? நல்ல கதை."

அண்ணை கையைக் கட்டிக்கொண்டார். உடனே நானும் கட்டிக்கொண்டேன். அம்மா சேலைத்தலைப்பை இழுத்து மூடிக்கொண்டு குனிந்தாள். கிழவி ஓடக்காரனின் காதுக்குள் கோழி மாதிரிக் கூவுகிற இடம் வந்தது. எனக்குத் தெரியும், அது சிரிக்க வைக்கிற நல்ல பகிடி. ஒருவரும் அசையவில்லை. தலைமை ஆசிரியருக்கு முன்னால் நிற்கிற பிள்ளைகள் போல இருந்தோம். அவருடைய நீலக் கண்கள் அம்மாவின் முகத்துக்கும் அண்ணையின் முகத்துக்கும் மாறி மாறிப் போய் வந்தன. ஒவ்வொரு முறையும் கொஞ்சம் மங்கிப் போய் வந்தன.

பாதியில் கையை உயர்த்தினார். நடிகர்கள் நின்றுவிட்டார்கள்.

"போதும். முகங்கள் திறக்கவில்லை. நாளைக்குச் சொல்லிவிடுகிறேன், நாடகம் இல்லை என்று."

கிழவியாக நடித்தவள் ஓடத்திலேயே இருந்துவிட்டாள். மேலே மெற்றோ போயிற்று. 

"என்னவாமப்பா?" என்று அம்மா என்னைக் கேட்டாள்.

"எங்களுக்குச் சிரிப்பு வரேல்லையாம். நாடகத்தை நிப்பாட்டப் போறாராம். இனி ஒண்டும் செய்யமாட்டாராம்."

"ஆர் சொன்னது வரேல்லையெண்டு? எனக்கு வயித்துக்குள்ளை முட்டிக்கொண்டு நிக்குது! உந்தப் பெரிய மனிசன் மூஞ்சைக்கு முன்னாலை இருந்து பாத்தால் எப்பிடிப் பல்லைக் காட்டுறது? சொல்லுங்கோ அவருக்கு."

"நான் தொடையைக் கிள்ளிக்கொண்டெல்லோ இருந்தனான்" என்றார் அண்ணை.

எனக்குத் தெரிந்த பிரெஞ்சில் சொன்னேன். அவருக்குக் கேட்கவில்லை. கிழவியாக நடித்தவள் எழும்பி ஓடிவந்து, அவர் முன்னால் முழங்காலில் இருந்து, தன் உதடு தெரியும்படி நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்: "இவர்கள் நாட்டில் மூத்தவர் முகத்துக்கு நேரே சிரிப்பது மரியாதை இல்லையாம். அடக்கிக்கொண்டு இருந்தார்களாம்."

அவர் வடைப்பெட்டியைப் பார்த்தார். பிறகு மெல்ல, "தூணுக்குப் பின்னால் இருந்தபோது என்னை ஒருவருக்கும் தெரியாது" என்றார். "அதற்குப் பிறகு இத்தனை காலமும் நான் பார்த்தது எதை?"

 அது எதை என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

அவர் எழும்பினார். பெட்டியை அம்மாவிடம் கொடுத்துவிட்டு, எனக்கும் அண்ணைக்கும் நடுவில் இருந்த கதிரையைக் காட்டினார். நான் காலை மடக்கி வழிவிட்டேன். வந்து இருந்தார். அவர் அந்தப் பக்கம் இருந்து மேடையைப் பார்த்ததை அதுவரை கண்டதில்லை என்று ஓடக்காரன் பிறகு சொன்னான்.

திரும்பவும் முதலிலிருந்து தொடங்கினார்கள். நீலத்துணி அசைந்தது. வெளிச்சம் அதில் விழுந்து, உண்மையாகவே தண்ணீர் போலிருந்தது. கிழவி கூப்பிட்டாள், திட்டினாள். அம்மாவுக்கு முதலில் மூக்கால் வந்தது. அண்ணை "அடி, தண்ணியை ஊத்தடி அவன்ரை தலையிலை!" என்று தமிழில் சத்தம் போட்டார். கோழி கூவிய இடத்தில் அண்ணையால் தாங்க முடியவில்லை. அண்ணைக்கு ஒரு பழக்கம் இருந்தது. சிரிப்பு வந்தால் பக்கத்தில் இருப்பவனின் தொடையில் ஓங்கி அடிப்பார். கடையில் நானே பல தடவை வாங்கியிருக்கிறேன். அன்றைக்குப் பக்கத்தில் இருந்தது யார் என்பதையே மறந்து, அடித்துவிட்டார்.

சத்தம் சுவரில் பட்டுத் திரும்பி வந்தது. கிழவி வாயைத் திறந்தபடி நின்றாள். அண்ணை கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். "ஐயோ, குறை நினைக்காதேங்கோ ஐயா!"

அந்த ஆங்கிலேயர் தன் தொடையைப் பார்த்தார். அண்ணையின் கையைப் பார்த்தார். முன்வரிசைக் கதிரைகள் எல்லாம் ஒரே மரச்சட்டத்தில் பூட்டியவை. அம்மா சிரித்து அடக்க முடியாமல் குலுங்கினதில் அவருடைய கதிரையும் சேர்ந்து குலுங்கிக்கொண்டிருந்தது. உள்ளங்கையை அந்தச் சட்டத்தில் வைத்தார். தூரத்தில் எதையோ கேட்பவர் போலத் தலையைச் சரித்தார். பிறகு, கொஞ்சம் பிந்தி, அண்ணையின் தொடையில் திருப்பி அடித்தார்.

நடிகர்களைப் பார்த்து, "ஏன் நின்றுவிட்டீர்கள்? நடத்துங்கள். நாங்கள் திறக்கிறோம்" என்றார்.

கிழவி மறுபடி ஓடக்காரனிடம் குனிந்தாள். அவர் சட்டத்திலிருந்து கையை எடுக்கவில்லை. ஆற்றைப் பார்த்துக்கொண்டே, அவன் கண் திறக்கும் வரைக்கும், அந்த மரத்தைத் தடவிக்கொண்டே இருந்தார்.