குட்டி வண்டி ஓட்டிய மூன்று வாரம்

என் அண்ணிக்குக் கால்நடை மருத்துவமனையில் வேலை. நாய்களைக் குளிப்பாட்டுவார், நகம் வெட்டுவார், வாலுக்குக் கீழே இருக்கும் இரண்டு சுரப்பிப் பைகளும் அடைத்துக்கொள்ளாதபடி அவற்றை அமுக்கிவிடுவார். ஆசனவாயைக் கடிகாரம் என்று வைத்துக்கொண்டால் நாலு மணிப் பக்கம் ஒன்று, எட்டு மணிப் பக்கம் ஒன்று. சாப்பாட்டு மேஜையில் இந்த விளக்கத்தைக் கேட்ட நாளிலிருந்து அண்ணிக்கு நான் வைத்த பட்டப்பெயர் 'நாலு எட்டு'. அவர் காதில் விழாமல்தான் சொல்வேன். வெளியாட்களிடம், "ஆஸ்பத்திரியில நர்ஸா இருக்காங்க" என்று கூசாமல் புளுகுவேன்.

எங்கள் நாய் அறுபது கிலோ கிரேட் டேன். பெயர் குட்டி. ஒருநாள் அது கூடத்துக் கம்பளத்தில் உட்கார்ந்தபடியே பின்பக்கத்தைத் தேய்த்துக்கொண்டு சுவர்வரை போனது. "குட்டி வண்டி ஓட்டுது!" என்று என் மகள் கைதட்டினாள். மூன்று வாரம் விழுந்து விழுந்து சிரித்தோம். நான் வீடியோ எடுத்து அண்ணனுக்கும் அனுப்பினேன்.

அதற்குப் பிறகு ஒரு காலையில் மகள் அதன் வாலைத் தடவினாள். குட்டி சட்டென்று திரும்பி, அவள் விரலுக்குப் பக்கத்தில் காற்றைக் கடித்தது. மகளை இழுத்துத் தூக்கிக்கொண்டேன். நாயை மறுநாளே ஒரேயடியாகக் கூட்டிக்கொண்டு போக ஓர் ஆளுக்குச் சொல்லிவிட்டேன். மகள் குட்டியின் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதாள், நான் மசியவில்லை.

சாயங்காலம் அண்ணி வேலை உடுப்போடு வந்து நின்றார். அண்ணன் அன்றுதான் வீடியோவைக் காட்டியிருக்கிறார்.

"ஏன் தம்பி, அது வலியில தேய்ச்சிருக்கு. உங்களுக்கு அது வேடிக்கையா?"

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

அண்ணி தரையில் உட்கார்ந்தார். குட்டியின் வாயைத் துணியால் தளர்வாகக் கட்டினார். காது, கழுத்து, முதுகு என்று நீவிக்கொண்டே வந்து வாலை அடையப் பத்து நிமிடம் எடுத்துக்கொண்டார். பிறகு கையுறை மாட்டி, விரலில் வாஸ்லின் தடவிக்கொண்டார்.

"பெரிய நாய்க்குப் பை உள்ள தள்ளி இருக்கும். வெளிய பார்த்தா ஒண்ணும் தெரியாது. தலையை நல்லாப் பிடிங்க."

நாலு மணிப் பக்கம் பசைபோல் கெட்டியாக வந்தது. அந்த நாற்றம்! என் இரண்டு கையும் குட்டியின் தலையில், மூக்கைப் பொத்த வழியில்லை. அண்ணி முகம் சுளிக்கவே இல்லை. எட்டு மணிப் பக்கம் விரல் பட்டதும் உடனே கையை எடுத்துக்கொண்டார்.

"இங்க சுடுது, சீழ் வெச்சிருக்கு. இதை நான் அமுக்கக் கூடாது. வண்டியை எடுங்க, டாக்டர்கிட்ட போகலாம்."

அமுக்கத் தெரிந்த அந்த விரலுக்கு எங்கே நிறுத்த வேண்டும் என்றும் தெரிந்திருந்தது. எனக்கு அவரைக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றியது. டாக்டர் சீழை எடுத்துவிட்டு, இன்னும் இரண்டு நாள் விட்டிருந்தால் உடைந்திருக்கும் என்றார்.

மறுநாள் காலையில் அந்த ஆள் வந்துவிட்டார். குட்டிக்கு மாத்திரை கொடுக்க வந்திருந்த அண்ணி உள்ளே இருந்தார்.

"நாய் எங்கயும் போகலைங்க. அதுக்கு உடம்புதான் சரியில்லாம இருந்திருக்கு" என்றேன் வாசலில் நின்று.

"யார் கண்டுபிடிச்சது, டாக்டரா?"

"எங்க அண்ணி. நர்ஸ் இல்லைங்க. நாய்க்கு வாலுக்குக் கீழ சுரப்பி அமுக்கிவிடறவங்க" என்றேன், தெருவுக்கே கேட்கும்படி.

உள்ளேயிருந்து அண்ணியின் குரல் வந்தது. "அவ்வளவு நீளமா எதுக்குத் தம்பி? நாலு எட்டுன்னு சொல்லுங்க, போதும்."