அறுபத்திரண்டு

படாளத்துக்குத் தெற்கே ஜி.எஸ்.டி. ரோட்டிலிருந்து ஊருக்குள் போகும் மண்பாதையில் ஒரு ரயில்வே கேட் இருந்தது. அதன் கேட்கீப்பர் ஜம்புலிங்கம். பதினான்கு வருடத்தில் அவர் வாங்கிக் கட்டிக்கொண்ட திட்டுகளை ஏற்றினால் ஒரு கூட்ஸ் வண்டி போதாது. லாரிக்காரன் திட்டுவான், கறவை மாடு ஓட்டி வருகிறவள் திட்டுவாள். மனிதர் முகம் மாறாது.

"ரயிலு என் கையில இல்ல, ஒன் வாயும் என் கையில இல்ல. கேட்டு மட்டும்தான் என் கையில கீது. அத்த நான் பாத்துக்கறேன்" என்பார். அவ்வளவுதான், பீடியைப் பற்றவைத்துக்கொள்வார். அவர் மனைவி சம்பூர்ணம் தலையில் அடித்துக்கொள்வாள். தாய் செத்த தந்தி வந்தபோதுகூட மாற்று ஆள் வரும்வரை கேட்டை விட்டு நகராத மனிதரோடு குடும்பம் நடத்துகிறவள் வேறு என்ன செய்வாள்?

அந்த வேலையில் ஒரு முறை உண்டு. ரயில் வருவதற்கு முன் ஸ்டேஷனிலிருந்து போன் வரும். கேட்டைச் சாத்திப் பூட்டிவிட்டு, தன்னிடமுள்ள, எண்களை வரிசையில்லாமல் அச்சடித்த தாளில் அடுத்து இருக்கும் எண்ணை அவர் போனில் சொல்ல வேண்டும். கேட் பூட்டியாயிற்று என்பதற்கு அந்த எண்தான் வாக்கு. அதை நம்பித்தான் ரயிலை விடுவார்கள். நம்பர் கொடுத்துவிட்டால், ரயில் கடந்து போகும்வரை சாமியே வந்து நின்றாலும் கேட்டைத் திறக்கக் கூடாது.

எழுபத்தாறாம் வருடம் ஐப்பசியில், மழை விட்டிருந்த ஒரு காலை. ஒன்பதேகாலுக்கு ஜம்புலிங்கம் கேட்டைப் பூட்டி, "அறுபத்திரண்டு" என்று சொல்லிப் போனை வைத்தார். ஊர்ப் பக்கமிருந்து ஒரு மாட்டுவண்டி தலைதெறிக்க ஓடி வந்தது. ஓட்டி வந்தவன் அவருடைய மருமகன் சீனு. வண்டிக்குள் மகள் வசந்தா, பக்கத்தில் சம்பூர்ணம். வசந்தாவுக்கு இது இரண்டாவது பிரசவம். நாளுக்கு இன்னும் ஒரு மாதம் இருந்தது. விடிகாலையிலேயே ரத்தம் போக ஆரம்பித்துவிட்டது. செங்கல்பட்டு ஆஸ்பத்திரிக்குத்தான் போயாக வேண்டும்.

"தொற மாமா!"

"நம்பர் குடுத்துட்டேன் மாப்ள. வண்டி போயிடட்டும்."

பத்து நிமிடம் ஆயிற்று. ரயில் வரவில்லை. ஜம்புலிங்கம் போனைச் சுழற்றினார். "வண்டி ஸ்டேஷன வுட்டு பொறப்பட்டாச்சி. நடுவுல நின்னுகினு கீதா, வந்துகினு கீதா, தெரியல. தொறந்துடாத" என்றது ஸ்டேஷன் குரல்.

சீனு அவர் சட்டையைப் பிடித்தான். "உள்ள கீறது ஒன் பொண்ணுய்யா! ஒரு நிமிசம் தொறந்தா இன்னா?"

சம்பூர்ணம் வண்டியிலிருந்து குதித்து வயிற்றில் அடித்துக்கொண்டாள். "பெத்தவனாய்யா நீ? கல்லுய்யா! கல்லு!"

வண்டிக்குள்ளிருந்து "நைனா" என்று ஒரு முனகல் வந்தது. ஊர் நினைத்த மாதிரி ஜம்புலிங்கம் ஒன்றும் கல் இல்லை. கை தானாகவே இடுப்புக் கயிற்றில் தொங்கிய சாவிக்குப் போய்விட்டது.

அப்போது வளைவைப் பார்த்தார். கரி இன்ஜின் காலத்தில் புகையாவது முன்னால் தெரியும். மின்சார இன்ஜின் வந்தபின் அதுவும் இல்லை. வளைவில் தலை தெரிந்தால் அரை நிமிடத்தில் கேட்டில் நிற்கும். ஈரத் தண்டவாளத்தில் மாடு மிரண்டு நின்றுவிட்டால் மகளும் மனைவியும் ஒரேயடியாகப் போய்விடுவார்கள். ரயிலில் இருப்பவர்கள் யாருடைய பிள்ளைகளோ.

சாவியிலிருந்து கையை எடுத்தார். தன் கையில் வேறு என்ன இருக்கிறது என்று பார்த்தார்.

தண்டவாளத்துக்கு அக்கரையில் அப்பாசாமியின் காலி லாரி, சூளைக்குச் செங்கல் ஏற்றப் போவதற்காக ஹாரன் அடித்துக்கொண்டு நின்றது. தினமும் அவரைத் திட்டுகிறவர்களில் அப்பாசாமிதான் முதல் ஆள்.

"அப்பாசாமி! வண்டிய ரோட்டுப் பக்கம் திருப்பு! என் பொண்ண ஆஸ்பத்திரிக்கு இட்டுனு போவணும்!" என்று கத்தினார். உள்ளே ஓடித் தன் கம்பளியைக் கொண்டுவந்து சீனுவின் மேல் எறிந்தார். "அடிக்கணும்னா அப்பால அடி மாப்ள. இப்போ இத்துல படுக்க வெச்சி இங்க நிக்கறவங்களும் சேந்து நாலு பேரா புடிங்க. கேட்டு ஓரத்துல நடந்து போறவங்க சந்து வழியா தூக்கினு போங்க. நான் ரயில பாத்துக்கறேன்."

சிவப்புக் கொடியை விரித்துக்கொண்டு தண்டவாளத்தின் நடுவே போய், வளைவைப் பார்த்தபடி நின்றார். முதுகுக்குப் பின்னால் மகள் போகிறாள். திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருக்க அவர் பட்ட பாடு அவருக்குத்தான் தெரியும்.

லாரி கிளம்பும்போது சீனு கத்திவிட்டுப் போனான். "அவளுக்கு எதுனா ஆச்சு, ஒன் மூஞ்சில முழிக்க மாட்டேன்!"

ரயில் அதற்கப்புறம் பன்னிரண்டு நிமிடம் கழித்துத்தான் வந்தது. பன்னிரண்டு நிமிடம்! "நாலு வண்டி போயிருக்கலாமேய்யா" என்று காத்திருந்தவர்கள் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டார்கள். ஜம்புலிங்கம் ரயிலுக்குக் காட்டிய பச்சைக் கொடியைச் சுருட்டினார்.

மாற்று ஆள் இரண்டு மணிக்குத்தான் வருவான் என்று போனில் சொல்லிவிட்டார்கள். பீடி எடுத்தார், பற்றவைக்க மறந்தார். பகல் பன்னிரண்டுக்கு அடுத்த ரயிலுக்குக் கேட்டைப் பூட்டி, தாளைப் பார்த்து "பதினெட்டு" என்றார். குரல் நடுங்கியது. "இன்னா, ஒடம்பு சரியில்லையா?" என்றது ஸ்டேஷன்.

போனை வைத்துவிட்டு வெளியே வந்தால், அக்கரையில் அப்பாசாமியின் லாரி.

"இன்னாச்சி அப்பாசாமி?"

அப்பாசாமி தலையை வெளியே நீட்டினான். பதினான்கு வருடக் கோபம் சும்மா விடுமா? "கேட்ட தொற அண்ணாத்த. சொல்றேன்."

ஜம்புலிங்கம் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். சொல்லிவிடு என்று காலில் விழத் தோன்றியது. "நம்பர் குடுத்துட்டேன்பா" என்றார்.

அப்பாசாமியின் முகம் மாறியது. என்ன கேட்டுவிட்டோம் என்று அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. லாரியை விட்டுக் குதித்து ஓடி வந்தான். அதற்குள் வளைவில் ரயில் தலை தெரிந்தது. இக்கரையில் இவர் பச்சைக் கொடியோடு, அக்கரையில் அவன். அவன் வாயசைத்தது பெட்டிகளின் இடைவெளியில் துண்டு துண்டாகத் தெரிந்தது. ஒரு சொல்கூடக் காதில் விழவில்லை.

கடைசிப் பெட்டி போனதும் சாவியை எடுத்தார். பூட்டில் நுழைய மறுத்தது. அப்பாசாமி வந்து அந்தக் கையைத் தன் கையால் பிடித்து நிறுத்தினான்.

"பேத்தி பொறந்து கீது அண்ணாத்த. பாலாத்துப் பாலத்துமேலயே பொறந்துச்சி, என் லாரியில. ரத்தம் ஏத்திகினு கீறாங்கோ. பொண்ணு பொயச்சிக்கும்னு டாக்டர் சொல்லிட்டாரு."

ஜம்புலிங்கம் கேட்டின்மேல் நெற்றியை வைத்து அழுதார். கொஞ்ச நேரம் கழித்து, "மாப்ள இன்னா சொன்னாரு?" என்றார்.

"ஒன்கூட பேசமாட்டாராம்."

"சரி. அது அவரு இஷ்டம்." முகத்தைத் துடைத்துக்கொண்டு கேட்டைத் திறந்தார்.

சீனு சொன்ன மாதிரியே பேசவில்லை. இரண்டு வருடம் மாமனார் வீட்டு வாசலை மிதிக்கவில்லை. கேட் மூடியிருக்கும்போது வண்டியை நிறுத்தி, வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நிற்பான்.

எழுபத்தெட்டில் ஒரு நாள், அவன் வண்டிக்குப் பின்னால் நின்ற டிராக்டர்காரன் ஜம்புலிங்கத்தை வாய்க்கு வந்தபடி திட்டினான். ஜம்புலிங்கம் வழக்கம்போல் பீடியைப் பற்றவைத்தார். லாரியில் பிறந்த மகளை மடியில் வைத்திருந்த சீனுதான் திரும்பினான்.

"யோவ், கத்தாத. மாமா நம்பர் குடுத்துட்டாரு. நில்லு."