எனக்கு முன் ஷைலஜா

ஐந்தாம் வகுப்பு முடியும்வரை என் பெயர் குப்பம்மாள். கொடைக்கானலில், நகராட்சிக் குப்பை வண்டி விசிலடித்துக்கொண்டு வரும் தெருவில், அந்தப் பெயரோடு ஒரு பெண் பிள்ளை வளர்வது எளிதல்ல. வண்டி முனை திரும்பும்போதே பக்கத்து வீட்டுப் பையன்கள் கூவத் தொடங்கிவிடுவார்கள். "ஏ குப்பு, ஒன்னய ஏத்திட்டுப் போக வந்துட்டாங்க, வெரசா வா!"

ஆறாம் வகுப்புக்கு வேறு பள்ளிக்குப் போக வேண்டியிருந்தது. பெயரை மாற்றுவதானால் இப்போதே மாற்றிவிட வேண்டும் என்று அப்பாவை நச்சரித்தேன். அப்பா சுற்றுலா வேன் ஓட்டியவர். எந்த அலுவலகத்தில் யாரைப் பார்த்தால் காரியம் நடக்கும் என்று அறிந்தவர். ஆகட்டும் என்றார். புதுப் பெயரையும் நானே பிடித்து வைத்திருந்தேன். படகுத் துறையில் ஒரு சுற்றுலாக்கார அம்மா தன் மகளை "ஷைலஜா" என்று கூப்பிட்டதைக் கேட்ட நாளிலிருந்து அது என் வாயிலேயே இருந்தது. வகுப்பு ஆசிரியையிடம் பொருள் கேட்டேன். மலையில் பிறந்தவள் என்றார். பண்ணைக்காடு என்னும் மலைக்கிராமத்தில் பிறந்த எனக்கென்றே யாரோ செய்து வைத்த பெயர்!

அம்மாவின் சம்மதம் மட்டும்தான் பாக்கி. சோற்றைப் பிசைந்துகொண்டே மெதுவாகச் சொன்னேன். அதுவரை என்மேல் கை வைத்திராத அம்மா, எச்சில் தட்டுக்கு மேலாக எட்டி என் கன்னத்தில் அறைந்தாள். "அந்தப் பேச்ச இன்னொருக்கா எடுத்த, நாக்க இழுத்து வச்சு அறுத்துருவேன்." அறைந்துவிட்டு அவள்தான் அழுதாள்.

அப்பா என்னை வெளியே கூட்டிப்போய் வேனின் முன் இருக்கையில் உட்கார வைத்தார். "தாயி, ஒனக்கு முன்னால ரெண்டு அண்ணங்க பொறந்தாங்க. ராஜகுமாரன்னும் செல்வக்குமார்னும் ஆசையா பேரு வச்சோம். ரெண்டும் தொட்டில்லயே போயிருச்சு. அதனால ஒன்னயப் பெத்ததும் குப்பைமேட்டுல கொண்டு போய்ப் போட்டோம்."

"என்னயவா?"

"சும்மா செத்த நேரம். பக்கத்து வீட்டுப் பெரியம்மா எடுத்துக்கிச்சு. அதுக்கு ஒரு மொறம் தவிட்டக் குடுத்து ஒங்கம்மா ஒன்னய வாங்குனா. குப்பையில கெடந்தது, தவிட்டுக்கு வாங்குனதுன்னா எமன் எதுக்குச் சீண்டப் போறான்?"

எல்லா வீட்டிலும் பிள்ளைகளைத் தவிட்டுக்கு வாங்கியதாகச் சொல்லிக் கேலி செய்வார்கள். எங்கள் தெருவில் அப்படி வாங்கப்படாத பிள்ளையே கிடையாது. என் விஷயத்தில் மட்டும் அது நிஜமாகவே நடந்த வியாபாரம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. என்னைத் தூக்கி எறிந்திருக்கிறார்கள் என்பதைத் தவிர வேறெதுவும் என் காதில் ஏறவில்லை. எப்படியும் அந்தப் பெயரைத் தொலைத்தே தீருவது என்று முடிவு செய்தேன்.

மலர்க் கண்காட்சிக்கு முந்தைய வாரம் அது. ஏரிச் சாலையில் நெருக்கியடித்துக் கூட்டம். அம்மா அங்கே தள்ளுவண்டியில் சோளக்கதிர் சுட்டு விற்றாள். பக்கத்துக் கடை ஒரு திபெத்தியப் பெண்மணியுடையது. அவரை அம்மா ஸ்வெட்டரக்கா என்பாள். அவர் அம்மாவைச் சோளக்கா என்பார். பல வருடம் தோளோடு தோள் உரசி வியாபாரம் செய்தும் ஒருவர் பெயர் மற்றவருக்குத் தெரியாது. வண்டிக்கடியில் உட்கார்ந்து விசும்பிக்கொண்டிருந்த என்னை அவர் எட்டிப் பார்த்தார்.

"சோளக்கா, பாப்பா ஏன் அழுது?"

"பேரு புடிக்கலயாம் மகாராணிக்கு. குப்புன்னா கேவலமாம்."

"குப்பு என்ன?"

அம்மா எதிரே நிரம்பி வழிந்த குப்பைத் தொட்டியைக் காட்டினாள். ஸ்வெட்டரக்கா சிரித்த சிரிப்பில், குல்லாயைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்த கேரளக்காரர் அதைக் கழற்றி வைத்துவிட்டார்.

"இதுக்கா அழுகை? என் பையன் பேர் கிக்யா. அர்த்தம் தெரியுமா? நாய்ப்பீ!"

என் விசும்பல் நின்றது. அந்த அண்ணனை எனக்குத் தெரியும். பெங்களூரில் கல்லூரியில் படித்தவர். விடுமுறைக்குத் தோல் ஜாக்கெட்டோடு வந்து இறங்குவார். அவர் நடந்து போனால் படகுத் துறையே திரும்பிப் பார்க்கும்.

"சும்மா சொல்லாதீங்கக்கா" என்றாள் அம்மா.

"நெஜம். இவனுக்கு முன்னாடி ரெண்டு பாப்பா போச்சு. அதனால இவன் நாய்ப்பீ. சாவு வந்து பாக்கும், சீ நாத்தம்னு போயிரும். பெரிசா ஆனதும் லாமா வேற பேர் குடுத்தார். இப்ப காலேஜ்ல டென்சின். வீட்ல நாய்ப்பீ."

அம்மா கதிரைத் திருப்ப மறந்தாள். ஒரு பக்கம் கரிந்து புகைந்தது. "மாத்துனப்ப பயமா இல்லயாக்கா?"

"என்ன பயம்? அதுக்குள்ள நாத்தம் நல்லா ஊறிப் போச்சே."

பின்னாளில் இந்த விஷயத்தைத் தேடித் தேடிப் படித்திருக்கிறேன். மங்கோலியாவில் இப்படிப்பட்ட பிள்ளைக்குப் பெயரில்லாதவன் என்றே பெயர் வைப்பார்களாம். இவன் இல்லை என்றுகூட ஒரு பெயர் உண்டாம். சீனக் கிராமங்களில், நாய் தின்று மீந்தவன். அன்றைக்கு எனக்குத் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: ஸ்வெட்டரக்காவின் மகனுக்கு மாற்றிக்கொள்ள ஒரு நல்ல பெயர் கிடைத்தது, எனக்குக் கிடைக்கவில்லை.

மறுநாள் அம்மா வெள்ளனே எழுந்து எங்கோ போய், ஒரு நாயைக் கயிற்றில் இழுத்து வந்தாள். செவலை நிறம், உடம்பெல்லாம் சொறி, ஒரு காது கிழிந்து தொங்கியது. வாசலில் கட்டிச் சோற்றுத் தட்டை வைத்தாள்.

"சைலசா, இந்தா, தின்னு."

அப்பாவின் வாயிலிருந்த பல்துலக்கி அப்படியே நின்றது. "அடியே, புள்ள ஆசப்பட்ட பேருடி அது!"

"அதுக்கென்ன? நாயிக்குப் பேரு வேணாமா?"

கேட்டதற்குத் தண்டனையாக இப்படி ஒன்றை ஒரு தாயால் யோசிக்க முடியுமா? சில நாட்களில் தெருவே அந்தப் பெயரைக் கற்றுக்கொண்டது. ஷைலஜா எதிர்வீட்டுக் கோழியைக் கவ்வினாள். ஷைலஜா மாடிவீட்டுக்காரரின் புதுச் செருப்பைக் கடித்துத் துப்பினாள். கீழ்வீட்டு அத்தை விளக்குமாற்றோடு வந்து நின்றார்.

"ஒங்க நாயி எங்க வாசல்ல பேண்டு வச்சிருக்கு. என்னன்னு கேக்க மாட்டியா?"

"எந்த நாயி, அத்தாச்சி?"

"எத்தன வச்சிருக்க? அந்தச் சைலசாதான்!"

"அப்ப பேரச் சொல்லி நல்லா திட்டுங்க. சும்மா விடாதீங்க" என்றாள் அம்மா. சண்டைக்கு வந்தவர் விளக்குமாற்றை இடுப்பில் இடுக்கிக்கொண்டார். பிறகு, சீ மூதேவி சைலசா, சனியன் புடிச்ச சைலசா என்று தெரு முழுக்கக் கேட்கும்படி வைதார். அம்மா கதவுக்குப் பின்னால் நின்று, பாட்டுக் கேட்பதுபோல் கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த முகத்தில் இருந்த நிம்மதியைப் பார்த்து எனக்கு வயிறு எரிந்தது.

பள்ளி திறக்கும் நாள் நெருங்கியதும், "சரி, ஒன் இஷ்டம்போல சைலசான்னே வச்சுக்க" என்றாள்.

"வேணாம். ரம்யான்னு வை. ஸ்வேதான்னு வை. அது நாய் பேரு."

"வச்சா அது. இல்லன்னா குப்புதான்."

நான் குப்பை வண்டியை நினைத்துப் பார்த்தேன். நாயின் பெயர் புதுப் பள்ளியில் யாருக்குத் தெரியப்போகிறது? சம்மதித்தேன். அப்பா தாள்களை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

சேர்க்கை அன்று மூவரும் தலைமையாசிரியைக்கு எதிரே உட்கார்ந்திருந்தோம். பின்னால் வேறு பெற்றோர்கள், புதுச் சீருடையில் அவர்கள் பிள்ளைகள். வெளியே சாரல். அவர் தாளைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்துச் சிரித்தார். "ஷைலஜா. ரொம்ப அழகான பேரு. மீனிங் தெரியுமாடா?"

அந்தக் கேள்விக்காகத்தானே காத்திருந்தேன். வாயைத் திறந்தேன். அதற்குள் அம்மா எழுந்து நின்றுவிட்டாள்.

"அது எங்க வீட்டு நாய் பேருங்க."

பேனா நின்றது. "என்னங்க?"

"நாய்ங்க. சொறிநாயி. தெருவுல கெடந்தத இழுத்துட்டு வந்து கட்டி வச்சிருக்கோம். அதுக்கு வச்ச பேரத்தான் இதுக்கும் வச்சிருக்கோம். நல்லாக் கேட்டுக்கிடட்டும்."

பின்னால் ஒரு பையன் களுக்கென்று சிரித்தான். அவன் அம்மா அவன் தொடையில் கிள்ளினார். அப்பா மின்விசிறியையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, இந்தப் பெண்பிள்ளை யாரோ, எனக்கும் இவளுக்கும் சம்பந்தமே இல்லை என்று எண்ண முயன்றேன். வெகு நாள் அவளோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

அது சின்ன அறை. தலைமையாசிரியை கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தார். அவருக்குக் காதும் நன்றாகவே கேட்டது. அப்படியிருக்க அம்மா அவர் முகத்தைப் பார்க்காமல், திறந்து கிடந்த ஜன்னல் பக்கம் திரும்பி, ஏரிக்கு அக்கரையில் நிற்கும் யாருக்கோ சொல்வதுபோல ஏன் அவ்வளவு சத்தமாகச் சொன்னாள் என்பது அன்று எனக்கு விளங்கவே இல்லை.