ஜமீலா என் பெயரில் எழுதிய பக்கங்கள்

சென்ற சனிக்கிழமை காரைக்காலுக்குப் போனது சுற்றிப் பார்க்க அல்ல. பள்ளித் தோழி ஜமீலா இறந்து நான்கு மாதம் ஆகிறது. அவள் தாய்வீட்டில் இருந்த ஒரு நோட்டைக் கேட்டு வாங்கி வரப் போனேன்.

நாகப்பட்டினத்தில் காலை 8.10க்கு பஸ் ஏறினேன். இருபது கிலோமீட்டர், முக்கால் மணி நேரம், டிக்கெட் 25 ரூபாய். சனிக்கிழமை என்பதால் பாதிக் கூட்டம் திருநள்ளாற்றுக்கு, நின்றுகொண்டேதான் பயணம். காரைக்காலில் ஆட்டோக்காரரும் என்னை அந்தக் கணக்கில் சேர்த்தார். ஊருக்குள்தான் போக வேண்டும் என்றேன்.

“சனிக்கிழமை வந்துட்டு கோயிலுக்குப் போகலியா? கஷ்டமே இல்லாத ஆளுங்க நீங்க,” என்றார். அறுபது ரூபாய்.

ப்ளஸ் டூ படிக்கும்போது நாங்கள் விளையாட்டாகத் தொடங்கிய நோட்டு அது. ‘நான் ஜமீலா’ என்று ஆரம்பித்து அவளாக நான் ஒரு பக்கம் எழுதுவேன். ‘நான் சுதா’ என்று அவள் அடுத்த பக்கம். பிறகு எவ்வளவோ எழுதிவிட்டேன், இந்த வலைப்பூ உட்பட. அன்றிருந்த துடுக்கு மட்டும் திரும்ப வரவில்லை. அதைத் தேடித்தான் போனேன்.

ஜமீலாவின் உம்மாவுக்குக் குர்ஆன் ஓத வரும், தமிழ் படிக்க வராது. மருமகள் நசீமா தினமும் மதியத் தொழுகை முடிந்ததும் நோட்டைப் படித்துக் காட்டுகிறாளாம், ‘நான் ஜமீலா’ பக்கங்களை மட்டும். “பரீட்சைக்கு முந்தின நாள் தூங்கினாத்தான் மூளை முழிக்குமாம். எம்புள்ள வாயப் பாரு சுதா,” என்று உம்மா கண்ணைத் துடைத்தார். அது நான் எழுதிய வரி.

சொல்லாமல் கிளம்பிவிடலாமா என்று டீ ஆறும்வரை யோசித்தேன். பிறகு விளையாட்டின் விதியைச் சொல்லிவிட்டேன்.

“அப்ப எம்புள்ள எழுதுனது எது?”

நசீமா பக்கத்தைத் திருப்பினாள். ‘நான் சுதா. திருச்சியில் காலேஜ் சேரப்போகிறேன். அண்ணன்கள் இருவரும் சம்மதித்துவிட்டார்கள். அம்மா பெட்டியில் துணி அடுக்குகிறார்கள்.’

ஓரத்தில் என் சிவப்பு மை: ‘எனக்கு ஏதுடி அண்ணன்? ரெண்டு மார்க் கட்.’

நான் ஒரே பிள்ளை. அண்ணன்கள் அவளுக்குத்தான். பரீட்சை முடிந்த மறுமாதம் அவளுக்குக் கல்யாணமாகிவிட்டது. பதினேழு வயதில் அதைப் படித்துவிட்டு மார்க் குறைத்தவள் நான்.

“எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்கலியே,” என்றார் உம்மா. கொஞ்சம் கழித்து, “கேட்டிருந்தாலும் விட்டிருக்க மாட்டேன்.” பிறகு நசீமாவிடம் அதையே இன்னொரு தடவை படிக்கச் சொன்னார்.

நோட்டை நான் கேட்கவில்லை. பிற்பகல் 2.40 பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது.

காரைக்கால் போகிறவர்கள் சனிக்கிழமையைத் தவிருங்கள். அறை கிடைப்பதும் சிரமம். சிநேகிதியோடு சேர்ந்து எழுதிய நோட்டு உங்களுக்கும் எங்காவது இருந்தால், அவள் பக்கங்களை முதலில் படியுங்கள். அவள் இருக்கும்போதே போய்ப் படியுங்கள்.