மதுரைக் கடையில் இரண்டு துப்பாக்கிகள்

அருமனையில் ரப்பர் ஷீட் வாங்கி விற்கும் தங்கையனைத் தெரியாத தோட்டக்காரர்கள் குறைவு. போன மழைக்காலத்தில் அவர் கடையடைத்துப் பணப்பையோடு வீட்டுக்குத் திரும்பும்போது, பைக்கில் வந்த இரண்டு பேர் இரும்புக்கம்பியால் அடித்துப் பையைப் பிடுங்கிக்கொண்டு போனார்கள். முறிந்த வலது மணிக்கட்டு கூடிவிட்டது. பயம்தான் ஆறவில்லை. பின்னால் ஒரு வண்டி ஹார்ன் அடித்தால் போதும், உடம்பு தூக்கிவாரிப் போடும்.

ஒருநாள் காலையில் ரப்பர் பால்வெட்டும் ரதீஷ் அடுக்களைக் கதவைத் தட்டியதற்கு, வெட்டுகத்தியை ஓங்கிக்கொண்டே கதவைத் திறந்தார். மனைவி செல்லபாய் கையைப் பிடித்துத் தொங்கியிராவிட்டால் அன்றைக்கு என்ன ஆகியிருக்குமோ. அப்படிப்பட்டவர் துப்பாக்கி லைசென்சுக்கு எழுதிப் போட்டபோது, அது கிடைக்கக் கூடாதென்று அவள் சபையில் யாருக்கும் சொல்லாமல் ஜெபித்தாள். கிடைத்துவிட்டது.

“நானும் மதுரைக்கு வாறேன்” என்று புறப்பட்டுவிட்டாள். அவரைத் தனியாக விட மனமில்லை.

மதுரையில் துப்பாக்கிக் கடைக்காரர் சுந்தரராஜ் கண்ணாடி மேசைமேல் பச்சைத் துணி விரித்து இரண்டை எடுத்து வைத்தார். உள்ளே குண்டு இல்லை என்று இரண்டையும் திறந்து காட்டினார்.

“ரெண்டும் கைக்கு அடக்கம் சார். இது ரிவால்வர். ஆறு குண்டு. எடுத்தோமா, விசையை இழுத்தோமான்னு வேலை முடிஞ்சிரும். ஆனா விசை கனம். இது பிஸ்டல். தட்டையா இருக்கும், சட்டைக்குள்ள வெச்சா தெரியாது. குண்டும் கூடப் பிடிக்கும். மேல்பாகத்தை ஒருதரம் பின்னால இழுத்து விட்டாப் போதும், அப்புறம் விசை பூ மாதிரி.”

தங்கையன் ரிவால்வரை எடுத்தார். விசையை அழுத்த அழுத்த மணிக்கட்டு நடுங்கி, குழல்முனை சுவரெல்லாம் அலைந்தது. கீழே வைத்துவிட்டுப் பிஸ்டலை எடுத்தார். மேல்பாகம் அசையவே இல்லை. பல்லைக் கடித்துப் பார்த்தார், முகம்தான் சிவந்தது.

“இஞ்ச தாருங்க” என்று வாங்கிய செல்லபாய் ஒரே இழுப்பில் இழுத்துவிட்டாள். கல்யாணம் ஆன நாள் முதல் ரப்பர் ஷீட் அடிக்கிற மிஷினின் கைப்பிடியைச் சுற்றிய கை.

“லைசென்ஸ் அம்மா பேர்ல வாங்கியிருக்கணும் சார்” என்று சிரித்தார் சுந்தரராஜ்.

தங்கையன் முகம் சுருங்கியது. ஏன்தான் அதைக் கையில் வாங்கினோமோ என்றிருந்தது அவளுக்கு. அவர் பிஸ்டலைத் திரும்ப வாங்கிப் பிடித்துப் பார்த்தார். விரல் விசைமேல் லேசாக உட்கார்ந்தது. கைக்கு ஒட்டிக்கொண்டது.

“இதாக்கும் நல்லது. என்னட்டி சொல்லுக?”

செல்லபாய் வாசலோரம் இருந்த தண்ணீர்க்குடத்தை நோக்கி நடந்தாள். அப்போது பக்கத்துக் கடையில் யாரோ ஷட்டரைப் படாரென்று இழுத்து இறக்கினார்கள்.

அவள் திரும்பிப் பார்த்தபோது துப்பாக்கி அவள் நெஞ்சுக்கு நேராக இருந்தது. டிக்.

மூவரும் அசையவில்லை. தங்கையனின் விரல் இன்னும் விசையிலேயே இருந்தது. தான் என்ன செய்தோம் என்பது அவருக்குப் புரிய வெகுநேரம் ஆனதுபோல் இருந்தது.

“உள்ள ஒண்ணும் இல்ல, டெனிஷுக்க அப்பா. எனக்கு ஒண்ணும் ஆவல்ல” என்று சொல்லிக்கொண்டே வந்து, விரல் விரலாகப் பிரித்து அதை வாங்கித் துணிமேல் வைத்தாள். அவர் நாற்காலியில் சரிந்து உட்கார்ந்தார்.

“சார், ரிவால்வர்னா இப்படிச் சட்டுனு...” என்று ஆரம்பித்தார் சுந்தரராஜ்.

“ரெண்டும் வேண்டாம்” என்றார் தங்கையன். “எனக்கு வேண்டாம் சார்.”

தெருவில் இறங்கியதும் செல்லபாய் அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள். சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. இத்தனை மாதமும் நெஞ்சில் கிடந்த பாறாங்கல்லை யாரோ தூக்கி ரோட்டோரம் வைத்துவிட்டுப் போனதுபோல் இருந்தது.

“நாளையிலேந்து ரூவாய கையில வாங்கண்டாம். நம்ம டெனிஷு போன்லயே பணம் வாங்க எல்லாம் செய்து தருவான்” என்றாள் பஸ்ஸில். முன்னால் இதைச் சொன்னால் எரிந்து விழுவார். இப்போது தலையாட்டினார். அந்தத் தெம்பில் அவள் அடுத்ததையும் சொன்னாள்: “மார்த்தாண்டத்துல ஒரு டாக்டர் உண்டு. இந்தத் திடுக்கத்துக்கு மருந்து தருவாராம்.”

“போவலாம்” என்றார் தங்கையன்.

திருநெல்வேலியில் பஸ் நின்றது. காலையிலிருந்து பச்சைத்தண்ணிகூடக் குடிக்காதவள், இறங்கி நான்கு தோசை சாப்பிட்டாள். அவர் இன்னும் கொஞ்சம் சட்னி கேட்டு அவள் இலையில் விடச் சொன்னார்.