வெரோனிகா ஆயாவின் டென்மார்க் வருஷம்

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதாம் வருஷம் டென்மார்க்குக்கு நல்ல வருஷம் என்று சரித்திரம் படித்தவர்கள் சொல்வார்கள். எப்போதோ ஜெர்மனியிடம் பறிகொடுத்த மண்ணில் பாதி அந்த வருஷம் திரும்பக் கிடைத்தது. ராஜா வெள்ளைக் குதிரையேறிப் பழைய எல்லையைத் தாண்டினார். கோலாலம்பூருக்குக் கொஞ்ச தூரத்தில், காப்பார் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் ஆயாவாக இருந்த வெரோனிகாவுக்கோ டென்மார்க் கிழக்கா மேற்கா என்றுகூடத் தெரியாது. ஆனாலும் அந்த வருஷம் முழுக்க வயிற்றில் நெருப்பைக் கட்டிக்கொண்டு அலைந்தவள் அவள்தான்.

தோட்டத்துத் துரை ஹான்சன், ஃபிளென்ஸ்பர்க் என்ற துறைமுக ஊர்க்காரர். வீட்டில் பேசுவது டேனிஷ். ஊர் ஜெர்மன்காரன் கையில் இருந்ததால் காகிதத்தில் மட்டும் ஜெர்மன் பிரஜை. இங்கிலீஷ்காரனும் ஜெர்மன்காரனும் சண்டை போட்ட காலமெல்லாம் கிள்ளான் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தார். விஷக்காய்ச்சல் ஊரையே வாரிக்கொண்டு போனபோது அவர் மனைவியும் போய்விட, மகள் இங்ரிட் வெரோனிகாவின் இடுப்பிலேயே வளர்ந்தாள். இப்போது ஆறு வயது. ரசம் சோறு இல்லாமல் தூங்காது. கோபம் வந்தால் தமிழில்தான் திட்டும். பெற்ற பிள்ளையைப் பிரசவத்திலேயே பறிகொடுத்த வெரோனிகாவுக்கு அந்தத் திட்டுகூடக் காதில் தேன்.

வருஷப் பிறப்புக்குப் பிறகு துரைக்குக் கால் தரையில் பாவவில்லை. டென்மார்க்கா ஜெர்மனியா என்று அவர் ஊர் ஜனங்களே ஓட்டுப் போட்டு முடிவு செய்யப் போகிறார்களாம். ஒரு நாள் பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தபோது வெரோனிகா காதுபடவே சொன்னார்: "ஊரு நம்ம பக்கம் வந்துட்டா, பாப்பாவ கூட்டிட்டுப் போயி எங்க கடல காட்டுவேன்."

போனால் திரும்பி வருவீர்களா என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். பாசாரில் மீன்காரனை அரை மணி நேரம் குடைகிற வாய் அது. அன்றைக்குப் பார்த்து ஒட்டிக்கொண்டது. ஊர் டென்மார்க்கோடு சேர்ந்தால் பிள்ளை போய்விடும், சேராவிட்டால் பிள்ளை தங்கிவிடும் என்று தானாகவே முடிச்சுப் போட்டுக்கொண்டாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ரயிலேறிக் கோலாலம்பூருக்குப் போனாள். பிரிக்ஃபீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் இருந்த தம்பி கிரிகரியிடம் இடுப்புவலிக்கு வேண்டுதல் என்று ஒரு பொய். அந்தோனியார் கோயிலில், அவர்கள் குலத்து வழக்கப்படி உப்பும் மிளகும் கொட்டிவிட்டு, சாமியிடம் நேராகவே பேசினாள்: "அந்த ஊரு ஜெர்மன்காரன்கிட்டயே கெடக்கட்டும். நடத்திக் குடுத்தா வாசல்ல இருந்து பீடம் வரைக்கும் முட்டியாலயே நடந்து வரேன்."

பிப்ரவரியில் முதலில் வடக்குப் பக்கத்து ஊர்களில் மட்டும் ஓட்டு நடந்து டென்மார்க் ஜெயித்தது. துரை பிள்ளையைத் தூக்கித் தட்டாமாலை சுற்றினார். வெரோனிகா சமையற்கட்டில் அந்தோனியாரோடு சண்டை போட்டாள். நீ என்ன சாமி, உப்பைத் தின்றுவிட்டு இப்படிச் செய்யலாமா என்று.

மார்ச்சில் ஃபிளென்ஸ்பர்க்கின் முறை வந்தது. தந்தியைப் பிரித்த துரை வெராண்டாவில் உட்கார்ந்தவர், கொண்டுவைத்த காப்பி ஆறிப்போகிற வரை எழுந்திருக்கவில்லை. ஊர் ஜெர்மனியோடே இருக்கட்டும் என்று ஊரே சொல்லிவிட்டது. அவர் முகத்தைப் பார்க்க வெரோனிகாவுக்குப் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் சந்தோஷத்தை அவளால் அடக்க முடியவில்லை.

நேர்ந்துகொண்டதைத் தள்ளிப்போடக் கூடாது என்று அந்த வாரமே இங்ரிட்டையும் கூட்டிக்கொண்டு அந்தோனியார் கோயிலுக்குப் போனாள். சிமென்ட் தரையில் முழங்கால் தோலுரிந்து சேலையில் ரத்தம் கசிந்தது. பிள்ளை பக்கத்திலேயே நடந்து வந்து, ஏன் ஆயா இப்படி என்று கேட்டது. "ஒங்க ஊருக்காகத்தான் கண்ணு" என்றாள். அதுவும் ஒருவிதத்தில் உண்மைதானே என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டாள்.

மே மாதம் மேலிடத்து உத்தரவு வந்தது. சண்டை முடிந்தாலும் ஜெர்மன் பிரஜைகள் இந்த நாட்டில் தங்கக் கூடாது. துரை அவளைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். அதுவே அவளுக்குக் கெட்ட சகுனமாகப் பட்டது.

"ஊரு டென்மார்க்குக்கு வந்திருந்தா எனக்கு டேனிஷ் காகிதம் கெடச்சிருக்கும், ஆயா. யாரும் என்ன அசைக்க முடியாது. லீவுல போயி பாப்பாவுக்குக் கடல காட்டிட்டு இங்கயே வந்திருப்பேன். இப்ப போனா போனதுதான்."

வெரோனிகா முழங்கால் தழும்பின் மேல் சேலையை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"நீ எங்க ஊருக்காக முட்டியால நடந்தியாமே, பாப்பா சொன்னா" என்றார் துரை. "எங்க ஊரு ஜனங்க செய்யாதத நீ செஞ்ச."

உண்மையைச் சொல்லிவிட அவள் வாயைத் திறந்தாள். அழுகைதான் வந்தது. அதையும் அவர் விசுவாசம் என்றே எடுத்துக்கொண்டார். அவர் திட்டியிருந்தால்கூட அவளுக்கு அவ்வளவு வலித்திருக்காது.

ராஜா வெள்ளைக் குதிரையேறிய அதே ஜூலையில், போர்ட் ஸ்வெட்டன்ஹாம் துறைமுகத்தில் இங்ரிட் வெரோனிகாவின் கழுத்தைக் கட்டிக்கொண்டு இறங்க மாட்டேன் என்றது. துரை மெதுவாகக் கையைப் பிரித்தபோது அவள் காதோடு காதாகச் சொன்னது: "ஆயா, நீ இன்னொருவாட்டி முட்டியால நட. இந்தவாட்டி ஊரெல்லாம் கேக்காத. நான் ஒன்கிட்டயே இருக்கணும்னு கேளு."

வெரோனிகா தலையை ஆட்டினாள். அன்றைக்கும் அதற்காகத்தான் நடந்தேன் என்று சொல்ல அவளுக்கு நா எழவில்லை.