எங்கள் பாட்டில் பெய்த மழை

போன செவ்வாய்க்கிழமை காலை எங்கள் லயத்து வரிசை வீடுகளில் ஒருவரும் பிரட்டுக்குப் போகவில்லை.

பிரட்டு என்றால் தெரியும்தானே? காலை ஆறு மணிக்கு ஆட்களை நிறுத்தி, பெயர் கூப்பிட்டு, வேலை பிரிக்கிற இடம். அங்கே நிற்காவிட்டால் அன்றைக்குச் சம்பளம் இல்லை.

பெயர் கூப்பிடுகிற கணக்கப்பிள்ளை மட்டும் தனியாக நின்றிருக்கிறார். பொறுத்துப் பார்த்துவிட்டு லயத்துக்கு வந்து கதவு கதவாகத் தடியால் தட்டினார். எழும்பி வெளியே வந்தால்... பளீரென்று வெயில். வாசல் காய்ந்து கிடக்கிறது.

காரணம் நாங்கள். எங்கள் பாட்டு.

பேண்ட் ஒன்று வைத்திருக்கிறோம் என்று இந்தப் பக்கத்தில் ஒருமுறை எழுதியிருந்தேன். யட்டியாந்தோட்டைக்கு மேலே, ரப்பர் தோட்டத்தில், ராக் பேண்ட். சிரிக்கிறவர்கள் சிரிக்கலாம். அமலி பாடுகிறாள். பாட்டு எழுதுவதும் அவள்தான். ஜூட் கிட்டார். நுவன் ட்ரம்ஸ். நான் பேஸ்.

நாலு பேருமே ரப்பரை நம்பித்தான் சாப்பிடுகிறோம். அமலியும் நானும் பால் வெட்டுகிறோம். ஜூட் பெக்டரியில் ஷீட் உருட்டுகிறான். நுவன் கீழே சிங்களக் கிராமம், வீட்டுக்குச் சொந்தமாகக் கொஞ்ச மரம் இருக்கிறது. மழை பெய்தால் நாலு பேருக்கும் வேலை இல்லை. பட்டை நனைந்தால் பால் சிரட்டைக்குள் இறங்காது. மரமெல்லாம் வழிந்து வீணாகும். விடியற்காலையில் பெய்து நின்ற மழைக்கும் அதுதான் கதி. அன்றைக்கு வெட்டு இல்லை.

அதனால் மழை நாள்தான் எங்களுக்குப் பிராக்டிஸ் நாள்.

இடம், பழைய புகைக்கூடம். ரப்பர் ஷீட்டைப் புகையில் காயப்போட்ட கட்டடம். புதியது கட்டியபின் சும்மா கிடந்தது. தோட்டத்தை நடத்துகிற துரையிடம் கேட்டோம், சாவியைக் கொடுத்தார். லயத்தில் ட்ரம்ஸ் அடிக்க முடியுமா? காம்பராவுக்கும் காம்பராவுக்கும் நடுவில் சுவர் பாதி உயரம்தான். அதற்கு மேலே கூரை எல்லோருக்கும் பொது. முதல் காம்பராவில் இருமினால் கடைசிக் காம்பராவில் தூக்கம் கலையும். புகைக்கூடம் இல்லையென்றால் பேண்ட் இல்லை. அவ்வளவுதான் விஷயம்.

பாட்டின் பெயர் ‘இன்னைக்கு வெட்டில்ல’. ஜூட்டிடம் ஒரு பழைய லேப்டாப் இருந்தது. ஒரு மைக் வாங்கினான். ரெக்கார்டிங் தொடங்கினோம்.

சிக்கல் புரிகிறதா? மழை பெய்தால்தான் நாலு பேரும் சேர முடியும். மழை பெய்தால் தகரக் கூரை சும்மா இருக்குமா? மைக்குக்கு முதலில் கேட்பது மழை. பிறகுதான் அமலி.

கூரையில் சாக்கு விரித்தோம். சாக்கு ஊறி, ஒழுகி, ட்ரம்ஸ் நனைந்ததுதான் மிச்சம். மைக்கைச் சுற்றி மெத்தையைச் சாத்தினோம். அமலியின் குரலும் சேர்ந்து அமுங்கிப் போனது. கடைசியில் ஒரு ஞாயிறு, பூசை முடிந்து, நல்ல வெயிலில் எப்படியோ நாலு பேரும் சேர்ந்தோம். சத்தம் சுத்தமாக வந்தது.

பாட்டுதான் வரவில்லை. சுருதி சரி, வார்த்தை சரி. ஆனால் அமலி எந்நாளும் மழைக்கு மேலே கத்திப் பாடிப் பழகியவள். எதிரில் மழை இல்லாமல் யாரோடு மல்லுக்கட்டுவது?

போட்டுக் கேட்டோம். அமலிதான் சொன்னாள்.

“மழ இல்லாம நாம எப்ப பாடினோம்? அது பாட்டுக்கு பேயட்டும். முன்னுக்கு கொஞ்ச நேரம் மழைய மட்டும் விடு. பொறகு நாம வருவோம்.”

நுவன் ‘எலகிரி’ என்றான். சிங்களத்தில் பையன்களிடம் அதைவிடப் பெரிய பாராட்டு கிடையாது. மழையில் பாடியதையே வைத்துக்கொண்டோம்.

இன்டர்நெட்டில் போட்டோம். மழைச் சத்தத்துக்கு எந்த சொப்ட்வெயர் என்று கொழும்பிலிருந்து ஒருவர் கேட்டார். ‘கூரை’ என்று ஜூட் பதில் போட்டான். மழை கொஞ்சம் அதிகம், குறைத்திருக்கலாம் என்றார் இன்னொருவர். எங்களுக்கும் அந்த ஆசை இருந்தது.

தோட்டத்தில் ஒருவருக்கும் பிடிக்கவில்லை. போட்ட உடனே நிறுத்தச் சொன்னார்கள். நியாயம்தான். மழை அழகு என்று சொல்கிறவர்களுக்கு மாசச் சம்பளம் இருக்கும். எங்களுக்கு மழை என்றால் அன்றைய நாள் போச்சு. வெளியே பெய்வது போதாதா, போனுக்குள்ளேயும் பெய்யணுமா என்று பக்கத்துக் காம்பரா அக்கா கேட்டார்.

அமலியின் புருஷன் செபஸ்டியன் அதைக்கூடச் சொல்லவில்லை. நல்லா இருக்கு, இல்லை... ஒரு வார்த்தை கிடையாது. அமலியும் கேட்டுக்கொள்ளவில்லை.

இனி அந்தச் செவ்வாய்க்கிழமை.

விடியற்காலை ஐந்து மணிக்கு லயத்தில் மழை பெய்தது. எல்லோரும் கேட்டோம். எல்லோரும் திரும்பிப் படுத்தோம். அமலி ரொட்டிக்கு மாவு எடுக்கவில்லை. நான் போர்வையைத் தலைவரை இழுத்துக்கொண்டேன். அந்தப் பாட்டுக்கு பேஸ் வாசித்தவன் நான். எனக்கே தெரியவில்லை. எப்படித் தெரியும்? அது எங்கள் மழை, எங்கள் தகரம்.

வாசல் காய்ந்திருக்க மழை எங்கே பெய்தது என்று தேடியதில் எங்கள் பாட்டின் தொடக்கத்து மழைதான் அது என்று புரிந்துவிட்டது. யார் போட்டது என்பது மட்டும் தெரியவில்லை. பகல் ஆபீஸுக்கு வரச் சொன்னார்கள். லயமே போய் நின்றது.

துரை பாட்டைப் போடச் சொன்னார். ஜூட் போனில் போட்டான். உள் அறையில் இருந்த கிளார்க் அவசரமாக வந்து ஜன்னலைச் சாத்தினார். நாங்கள் சிரிக்கவில்லை. துரையும் சிரிக்கவில்லை.

“காலையில இத போட்டது யாரு?”

பின்னாலிருந்து செபஸ்டியன் முன்னுக்கு வந்தான்.

“நான்தாங்க ஐயா. ராத்திரி அலாரமா வச்சேன். ஸ்பீக்கரு செவத்து மேல இருந்துச்சு. மழ சத்தம் கேட்டுச்சுங்க... நெச மழதானே, இனி அலாரம் எதுக்குன்னு நிப்பாட்டிட்டு படுத்துட்டேன்.”

“வேற பாட்டு கிடைக்கலியா?”

“இருக்குங்க. இது எம் பொஞ்சாதி பாடினதுங்க.”

அமலி நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அலாரம் வைத்தது அவளுக்கே அப்போதுதான் தெரியும்.

துரை கையை நீட்டினார். புகைக்கூடத்துச் சாவியை ஜூட் எடுத்துக் கொடுத்தான். ஆபீஸில் இருக்கட்டும், பிறகு பார்ப்போம் என்றார். தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு அந்தப் ‘பிறகு’ நன்றாகத் தெரியும். லயத்துக்குக் கூரை மாற்றுவதும் அந்தப் பிறகில்தான் இருக்கிறது.

பேண்ட் முடிந்தது என்று நினைத்துக்கொண்டு நடந்தேன். எனக்கு முன்னால் செபஸ்டியன், அவனுக்குப் பின்னால் அமலி.

“கிட்டாரு வர்ற வரைக்குமாவது கேட்டிருக்கக் கூடாதா?” என்றாள் அமலி.

“தூக்கத்துல தெரியல.”

“பாட்டு எப்பிடி?”

“அதான் வச்சேனே.”

அதற்குமேல் அவள் கேட்கவில்லை. எனக்கும் அது போதுமென்றுதான் பட்டது.

இந்தத் திங்கட்கிழமை விடியற்காலையில் மறுபடி மழை. யாரும் நம்பவில்லை. “டேய் செபஸ்டியன், நிப்பாட்டுடா” என்று இரண்டு காம்பராவிலிருந்து சத்தம். தான் ஒன்றும் போடவில்லை என்று அவன் கத்தினான். கதவுகள் திறந்தன. வாசலுக்கு வாசல் ஆள் நின்று கையை நீட்டிப் பார்த்தோம். கை நனைந்தது.

ஆனாலும் செவ்வாய்க்கிழமை வாங்கிய ஏச்சு காதில் இருந்தது. மழையா இல்லையா என்று முடிவு பண்ணுவது இனி எங்கள் வேலை இல்லை. பொலித்தீனைத் தலையில் போட்டுக்கொண்டு, பால் வாளியோடு, ஒருவர் விடாமல் பிரட்டில் போய் நின்றோம்.

கணக்கப்பிள்ளையைக் காணோம். மழை கேட்டிருக்கும். படுத்திருப்பார்.

அந்த வழியாக வந்த துரையின் ஜீப் நின்றது. கண்ணாடியை இறக்கி எங்களைப் பார்த்தார். வாளிகளைப் பார்த்தார். மழையைப் பார்த்தார். முகத்தில் ஏதோ அசைந்தது. சிரிப்பு என்று நான் சத்தியம் பண்ணமாட்டேன்.

“இன்னைக்கு வெட்டில்லதானே” என்றார். “ஆபீஸ்ல போய் சாவிய வாங்கிக்கங்க.”

அன்றைக்கு முழுக்கப் புகைக்கூடத்தில்தான் இருந்தோம். இரண்டாவது பாட்டு தொடங்கியாயிற்று. இதில் வெயில் இருக்கட்டும் என்கிறாள் அமலி.

வெயிலுக்கு என்ன சத்தம் என்று ஜூட் தேடிக்கொண்டிருக்கிறான்.